ஆறாம் தலைமுறை லேப்டாப்பில் விண்டோஸ் 11: இரண்டு கோடைக்குப் பிறகு

வண்ணார்பேட்டையில் கல்யாணப் பத்திரிகை வடிவமைக்கும் சின்னக் கடை என்னுடையது. ஓடுவது பழைய ஐ5-6200யு லேப்டாப். விண்டோஸ் 10-க்கு 2025 அக்டோபரோடு ஆதரவு முடிகிறது என்றதும் முன்கூட்டியே 11-க்குத் தாவினேன். அது கேட்பது எட்டாம் தலைமுறை இன்டெல், என்னுடையது ஆறு. பென்டிரைவில் விண்டோஸ் நிறுவியைத் தயாரிக்கும் ரூஃபஸ் என்ற மென்பொருள் அந்தச் சோதனையைத் தாண்ட வைத்துவிட்டது. பாடெல்லாம் அப்புறம், சூட்டோடுதான்.

சித்திரை வெயிலில் பத்திரிகை பார்க்க வந்தவர், "என்ன அண்ணாச்சி, மாவு மில்லு மாதிரி இரையுது?" என்றார். சூட்டைக் காட்டும் ஹெச்டபிள்யூஇன்ஃபோ மென்பொருளில் பார்த்தால் பிராசஸர் 94 டிகிரி. முதலில் விசிறியைக் கழற்றித் தூசி தட்டி, சிப்பின் சூட்டைக் கடத்தும் பசையான தெர்மல் பேஸ்ட் புதிதாக வைத்தேன். ஏழெட்டு டிகிரி இறங்கியது. இதைச் செய்யாமல் செட்டிங்கை நோண்டுவது வீண்.

அடுத்தது பவர் பிளான், அதாவது விண்டோஸின் மின்சாரச் செட்டிங். எல்லாரும் சொல்லும் வழி, 'மேக்ஸிமம் பிராசஸர் ஸ்டேட்' 100-ஐ 99 ஆக்குவது. ஒரு சதவீதம்தானே என்று தோன்றும். ஆனால் வேலை கூடும்போது சிப் தன் வேகத்தை ஏற்றிக்கொள்ளும் டர்போ முழுசாக நின்றுவிடும். 2.8 கிகாஹெர்ட்ஸ் வரை ஏறுகிற சிப் 2.3-ஐத் தாண்டாது. சூடு 70-க்கு வந்தது, இரைச்சலும் போச்சு. ஆனால் கோரல்டிராவில் பெரிய ஃபைலைத் திறந்தால் இழுத்தது. ஆவணி முகூர்த்த நெருக்கடியில், மாப்பிள்ளையின் சித்தப்பா முதுகுக்குப் பின்னால் நின்று இனிஷியல் திருத்தும்போது, அந்த இழுவை பெரிய எரிச்சல்.

ஆகவே 99-ஐ விட்டுவிட்டேன். 'பிராசஸர் பெர்ஃபார்மன்ஸ் பூஸ்ட் மோட்' என்று விண்டோஸ் மறைத்து வைத்திருக்கும் ஒரு வரி உண்டு. டர்போ எப்போது, எவ்வளவு வரலாம் என்பதை அது தீர்மானிக்கும். விண்டோஸின் பவர்சிஎஃப்ஜி கட்டளையால் அதை வெளியே கொண்டுவரலாம். சார்ஜரில் 'எஃபிஷியன்ட் எனேபிள்டு', பேட்டரியில் 'டிசேபிள்டு'. டர்போ வருகிறது, தொட்டதற்கெல்லாம் துள்ளுவதில்லை. கரண்ட் போனால் தானாகவே அடங்கிவிடும். இப்போது மே மாதப் பகலிலும் 80-க்குள் நிற்கிறது.

த்ராட்டில்ஸ்டாப் என்ற மென்பொருளை வைத்து சிப்பின் வோல்டேஜைக் குறைத்தால் இன்னும் இறங்கியிருக்கும். ஆனால் தீய நிரல்கள் விண்டோஸின் உள்ளே நுழையாமல் தடுக்கும் மெமரி இன்டெக்ரிட்டி ஓடும்போது அதற்குப் பூட்டு. ஏழாம் தலைமுறைக்கு முந்தைய சிப்களில் அந்தப் பாதுகாப்புக்கு வன்பொருள் உதவி இல்லாததால் வேகத்தையும் கொஞ்சம் தின்கிறது. இருந்தாலும் அணைக்கவில்லை. ஊரில் உள்ள பென்டிரைவ் எல்லாம் என் லேப்டாப்பில்தான் குத்துகிறார்கள்.

ஒரு குறை: பெரிய பதிப்பு அப்டேட் இதற்குத் தானாக வராது. 24ஹெச்2 என்ற பதிப்பைக் கையால்தான் போட்டேன். போட்ட மறுநாளே மில்லுச் சத்தம். பூஸ்ட் மோட் பழையபடி மாறியிருந்தது. இப்போது கட்டளைகளை, ஒரே சொடுக்கில் எல்லாம் ஓடும் ஒரு பேட்ச் ஃபைலில் போட்டு, 'இரையாதே' என்று பெயரிட்டு டெஸ்க்டாப்பில் வைத்திருக்கிறேன்.