'தீ' என்றால் இரண்டு மாத்திரை: ஒலி விதிகளோடு ஆறு ஆண்டுகள்

என் சித்தி மகன் 2019-இல் ஒரு நாற்பது பக்க நோட்டில் எழுதிக் கொடுத்த விதிகள் இவை. நாங்கள் ஐந்து பேர் ஞாயிறு மாலைகளில் மொட்டைமாடியில் ஆடும் கதை விளையாட்டுக்காக எழுதியது: ஆளுக்கொரு பாத்திரம், ஒருவர் கதைசொல்லி, நடுவில் பகடை. அந்தக் கற்பனை உலகில் மந்திரக்கோலும் கிடையாது, தாயத்தும் கிடையாது. வாயிலிருந்து எழும் ஒலி அதிர்ந்து பொருளை மாற்றும். கல் இளகும், நீர் எழும், பூட்டு கழலும். ஆறு ஆண்டுகள் ஆடிய பிறகு எந்த விதி தாங்கியது, எது கையோடு கழன்று வந்தது என்று எழுதிவைக்கத் தோன்றியது.

நன்றாகத் தாங்கியது செலவுக் கணக்கு. அதைத் தொல்காப்பியத்திலிருந்து எடுத்திருந்தான். மாத்திரை என்பது ஓர் எழுத்தை ஒலிக்க ஆகும் கால அளவு; ஒரு பாத்திரத்துக்கு ஒரு நாளைக்கு முப்பது மாத்திரை மூச்சு. குறிலுக்கு ஒன்று, நெடிலுக்கு இரண்டு, மெய்க்கும் குற்றியலுகரத்துக்கும் அரை. 'தீ' இரண்டில் முடிந்துவிடும், 'நெருப்பு' மூன்று. செலவு கூடினால் விளைவும் கூடும்: 'தீ' விளக்கை ஏற்றும், 'நெருப்பு' வைக்கோற்போரைக் கொளுத்தும். பத்தாம் வகுப்போடு இலக்கணத்துக்குக் கும்பிடு போட்டவர்கள், இரண்டாவது வாரமே விரல்விட்டு எண்ண ஆரம்பித்துவிட்டார்கள்.

சண்டையும் அங்கிருந்துதான் வந்தது. வறண்ட ஏரிக்கரையில் ஒருவருக்கு மூச்சு இரண்டு மாத்திரைதான் மிச்சம். 'மழை' என்றார். "ம ஒன்று, ழை இரண்டு, மொத்தம் மூன்று. உங்களால் முடியாது" என்றேன். அவர் விடவில்லை. அரை மணி நேரம் வாதம், தேநீர் ஆறியது. கடைசியில் எங்களில் தமிழாசிரியராக இருப்பவர் ஐகாரக்குறுக்கத்தைச் சொல்லித் தீர்த்துவைத்தார்: சொல்லின் ஈற்றில் வரும் ஐகாரத்துக்கு ஒரு மாத்திரைதான். ஏரி நிரம்பியது. குறுக்கங்களையெல்லாம் அன்றிரவே நோட்டின் ஓரத்தில் எழுதி வைத்தோம்.

அடுத்து எனக்குப் பிடித்தது காய விதி. உந்தியிலிருந்து எழும் காற்று தலை, மிடறு, நெஞ்சில் நின்று, பல், இதழ், நா, மூக்கு, அண்ணம் இவற்றோடு பொருந்தி எழுத்தாகிறது என்கிறது தொல்காப்பியத்தின் பிறப்பியல். இந்த எட்டு இடங்களையும் அவன் பாத்திரத்தின் உடம்பாக்கிவிட்டான். அடிபட அடிபடக் குறையும் 'உயிர்ப்புள்ளி நூறு' என்ற அலுப்பூட்டும் கணக்கு இதில் இல்லை. பல் போனால் பல்லைத் தொட்டுப் பிறக்கும் எழுத்துகள் போகும்; மூக்கு உடைந்தால் மெல்லினம் ஆறும் போகும். ஒரு முறை, மூக்கு உடைந்த பாத்திரத்தை ஆடியவருக்கு நிஜமாகவே கடுமையான சளி. 'மழை' என்று சொல்லப் போனவரின் வாயில் 'பழை' என்று வந்தது. விதி எழுதியவனே எழுந்து நின்று கைதட்டினான்.

பொருள் விதி கொஞ்சம் படிப்பு கேட்கும். எர்ன்ஸ்ட் கிளாட்னி என்ற ஜெர்மானியர் உலோகத் தகட்டில் மணலைத் தூவி, விளிம்பில் வில்லை இழுத்து, மணல் கோலமாகக் கூடுவதைக் காட்டி 1787-இல் நூலாக வெளியிட்டார். தகடு அதிராத கோடுகளில் மணல் ஒதுங்கிவிடுகிறது. தகட்டின் வடிவமோ கனமோ மாறினால் கோலமும் மாறும். ஆகவே இந்த உலகிலும் ஒரே சொல் கருங்கல்லில் ஒன்றைச் செய்யும், பனைமரத்தில் வேறொன்றைச் செய்யும். பொருளைத் தட்டிப் பார்க்காமல் ஒலி எழுப்புவது முட்டாள்தனம். இதை நம்பாத ஒருவருக்காக ஒலிபெருக்கியின் மேல் பலூன் தோலை இழுத்துக் கட்டி ரவையைத் தூவினோம். சுதியை ஏற்ற ஏற்ற ரவை துள்ளி, ஒரு கட்டத்தில் சட்டென்று வளையமாகக் கூடி நின்றது. இன்னும் ஏற்றினோம். வளையம் உடைந்து வேறு கோலம். அன்று அதற்குமேல் யாரும் பகடையைத் தொடவில்லை.

இனி குறைகள். எதிரலை விதி பெரும் தொல்லை. எதிரி எழுப்பும் அலைக்கு நேர் எதிரான அலையை அதே கணத்தில் எழுப்பினால் இரண்டும் ஒன்றையொன்று விழுங்கிவிடும். இரைச்சலைத் தணிக்கும் காதொலிக் கருவிகள் (ஹெட்போன்) செய்வதும் இதையேதான். அறிவியல் சரி, ஆட்டம் பாழ். எல்லாப் போரும் ஒருவர் வாயை ஒருவர் அடைப்பதாக முடிந்தது. 2020 ஊரடங்கில் காணொளி அழைப்பில் ஆடியபோது அதுவும் கெட்டது. குரல் ஒவ்வொருவருக்கும் ஒவ்வொரு தாமதத்தில் போய்ச் சேருகையில் 'அதே கணம்' யாருக்கு? போதாக்குறைக்கு, நீட்டிய குரலை இரைச்சல் என்று எண்ணிச் செயலியே அமுக்கிவிட்டது. அந்தப் பக்கங்களை இப்போது கோந்து போட்டு ஒட்டிவிட்டோம்.

இரண்டாவது ஓட்டையைக் கண்டுபிடித்தது கர்நாடக சங்கீதம் கற்ற தோழி. எழுத்துக்கு இரண்டு மாத்திரைதான் உச்சம் என்றோம். அவர் 'தீ'யை எடுத்து ஆலாபனையாகவே நீட்டினார். செல்லாது என்றதும் நூலையே எங்கள்மேல் திருப்பினார். இசையில் எழுத்துகள் அளவு கடந்து ஒலிப்பது உண்டு, அது 'நரம்பின் மறை', அதாவது யாழிசை நூலின் வழக்கு, என்று தொல்காப்பியரே விலக்குக் கொடுத்திருக்கிறாரே! பதில் இல்லை. ஒரு கோட்டைச் சுவர் இரண்டு மாத்திரைச் செலவில் உருகி ஓடியது. பிறகு திருத்தினோம்: பாடலாம், ஆனால் அன்றைய மூச்சு முழுவதும் போய்விடும், ஆடுபவரின் மூச்சு நிற்கும் வரைதான் விளைவு நீளும். கைபேசியில் நேரம் பார்த்தோம். அவருக்கு இருபத்து நான்கு விநாடி. எனக்குப் பதினொன்றைத் தாண்டவில்லை.

ஒலி போய்ச் சேரும் நேரத்துக்கென்று ஒரு பக்கம் முழுக்க அட்டவணை இருக்கிறது. காற்றில் விநாடிக்கு ஏறத்தாழ 343 மீட்டர், நீரில் அதைப்போல் நான்கு மடங்குக்கும் மேல். ஆறு ஆண்டுகளில் இரண்டு தடவைதான் பயன்பட்டது. அதில் ஒரு தடவை மறக்க முடியாதது: ஒரு கிலோமீட்டருக்கு அப்பால் நின்ற தேர்மேல் சொல்லை ஏவினோம், அது போய்ச் சேர எடுத்த மூன்று விநாடிக்குள் தேர் நகர்ந்துவிட, பின்னால் வந்த எங்கள் ஆளே கல்லானார்.

இதை எடுத்து ஆட நினைப்பவர்கள் மாத்திரைக் கணக்கையும் எட்டு இடங்களையும் மட்டும் வைத்து ஆரம்பியுங்கள். பொருள் விதி ஒரு மாதம் கழித்து வரட்டும். மொட்டைமாடியில் ஆடுவதாக இருந்தால் கீழ்வீட்டில் முன்கூட்டியே சொல்லிவிடுவது நல்லது. முதல் வாரத்தில் நாங்கள் மாறி மாறி 'தீ, தீ' என்று கத்தியதைக் கேட்டு, கீழ்வீட்டு மாமா ஒரு வாளித் தண்ணீரோடு மேலே ஓடி வந்துவிட்டார்.