மூன்று வருஷமாக ஒரு விர்ச்சுவல் பிரிண்டர்: ‘மொத்தம்’ மட்டும் கிடைக்கவில்லை

போன வாரம் நண்பர் ஒருவர் கேட்டார்: “லினக்ஸில் எந்தச் செயலியிலிருந்தும் பிடிஎஃப் ஆகச் சேமிக்கலாமே, எதற்குத் தனியாக ஒரு விர்ச்சுவல் பிரிண்டர் செய்தீர்கள்?” நியாயமான கேள்வி. எங்கள் ஹார்டுவேர் கடையில் கல்லாவில் இருப்பவர் பிரிண்ட் கொடுப்பதோடு சரி. எந்த ஃபோல்டர், என்ன பெயர் என்று ஒவ்வொரு பில்லுக்கும் திரை கேட்டுக்கொண்டிருந்தால் கடையில் கூட்டம் தேங்கிவிடும். அதனால் ‘பீரோ’ என்று பெயர் வைத்து, காகிதத்தில் அச்சிடாமல் பிடிஎஃப் கோப்பாகச் சேமிக்கும் ஒரு பிரிண்டர் செய்தேன். அதற்கு அனுப்பிய பில் தேதிவாரியாகத் தானே போய் அடுக்கிக்கொள்ளும்.

லினக்ஸில் அச்சு வேலைகளைக் கவனிக்கும் கப்ஸில் (CUPS) இதைச் செய்வது நான் பயந்த அளவுக்குக் கஷ்டமில்லை. அச்சு வேலையைக் கடைசியில் வாங்கிக்கொள்ளும் பகுதியான பேக்கெண்டு என்பது ஒரு ஷெல் ஸ்கிரிப்டாகவே, அதாவது கட்டளைகளை வரிசையாக எழுதிய கோப்பாகவே, இருக்கலாம். வேலை எண், பயனர், தலைப்பு, பிரதிகள், விருப்பங்கள் என்று ஐந்து விவரம் கையில் வரும். உள்ளே வரும் கோப்பை வாங்கி எழுதிவிட வேண்டும், அவ்வளவுதான். முதல் நாள் அலையவிட்டது அனுமதி. கோப்பின் அனுமதி எண்ணை 0755 என்று வைத்தால் ஸ்கிரிப்ட் எல்பி என்ற பயனராக ஓடும், அதற்கு என் ஃபோல்டரில் எழுத உரிமை கிடையாது. 0700 என்று மாற்றினால் எல்லா உரிமையும் உள்ள ரூட்டாக ஓடும். அன்றைக்குச் சரியானது, இன்றுவரை ஒரு பில்கூடத் தவறவில்லை. கரண்ட் போய் வந்த நாளிலும் தவறவில்லை.

ஆனால் சேமித்த பில்லுக்குள் ஒரு சொல்லைத் தேடுவதுதான் உயிரை எடுக்கிறது.

பிரிண்டர் எந்த வடிவத்தில் வாங்கும் என்று கப்ஸுக்குச் சொல்வது பிபிடி கோப்பு. ஆரம்பத்தில் நான் போட்டது, போஸ்ட்ஸ்கிரிப்ட் என்ற பழைய அச்சு வடிவத்தைக் கேட்டது. பில் போஸ்ட்ஸ்கிரிப்டாகி மறுபடி பிடிஎஃப் ஆவதற்குள், எந்த உருவம் எந்த எழுத்து என்ற குறிப்பே தொலைந்துபோனது. பிபிடியில் ஒரு வரியை மாற்றி பிடிஎஃப்பையே நேராக வாங்க வைத்தேன். ஆங்கிலமும் எண்களும் உடனே தேடலில் சிக்கின. தமிழ் மட்டும் சிக்கவில்லை.

எல்லா பில்லிலும் ‘மொத்தம்’ என்ற சொல் இருக்கிறது. தேடினால் ஒன்றுகூடக் கிடைக்காது. காப்பி எடுத்து ஒட்டினால் ‘ெமாத்தம்’ என்று வருகிறது: ஒற்றைக்கொம்பு முன்னால், அப்புறம் மகரம், கடைசியில் கால். கண்ணுக்குத் தெரிகிற வரிசையிலேயே சேமித்திருக்கிறது. யூனிகோடில் மெய்தான் முதலில் வர வேண்டும். இதைச் சரிசெய்ய, தெரிகிற உருவத்தோடு உண்மையான எழுத்தையும் குறித்துவைக்க, பிடிஎஃப்பில் ஆக்சுவல்டெக்ஸ்ட் என்று ஒரு வசதியே உண்டு. எங்கள் பில்லிங் மென்பொருள் அதை எழுதுவதில்லை, கேட்டு எழுதியதற்குப் பதிலும் இல்லை.

சரி என்று, ஒவ்வொரு பில்லோடும் எழுத்துகளை உருவி, கொம்பை மெய்க்குப் பின்னால் நகர்த்தி, ஒரு உரைக் கோப்பும் வைக்கும்படி ஸ்கிரிப்டை நீட்டினேன். பில்லுக்கு இது போதும். இன்னொரு செயலியில் போடும் எஸ்டிமேட்டோ ஏற்கெனவே சரியான வரிசையில் வருகிறது. அதில் ‘மேல்’ இருந்தால், இரட்டைக்கொம்பு மகரத்தை விட்டு லகரத்துக்குத் தாவிவிடுகிறது. இரண்டையும் பிரித்தறிய ஒரு விதி எழுதுவேன், இரண்டு வாரத்தில் வேறொரு சொல் உடையும். தமிழில் அச்சிட்ட காகிதத்தைத் தமிழில் தேட முடியவில்லை என்பது எனக்குச் சின்ன விஷயமாகத் தெரியவில்லை.

இதற்கு நடுவே, பிரிண்டரைச் சேர்க்கும்போதெல்லாம் டிரைவர்கள் வழக்கொழிகின்றன என்று கப்ஸ் எச்சரிக்கிறது. கப்ஸ் 3-இல் பிபிடி இருக்காது என்று சொல்லிவிட்டார்கள். அப்போது பீரோவை ஐபிபி என்ற அச்சு நெறிமுறையைப் பேசும் தனிச் செயலியாகத் திரும்ப எழுத வேண்டும்.

நண்பருக்கு நான் சொன்னது: நீங்களாக இப்படி ஒன்றைச் செய்ய வேண்டாம். உங்கள் பில் முழுக்க ஆங்கிலம் என்றால் ஸ்கிரிப்டை அனுப்புகிறேன், ஒரு மணி நேர வேலை. தமிழ் என்றால், நேரடியாக பிடிஎஃப் ஏற்றுமதி செய்யும், அதில் ‘மொத்தம்’ என்று தேடினால் கிடைக்கும் மென்பொருளாகப் பார்த்து வாங்குங்கள். வாங்கும் முன் கடைக்காரர் எதிரிலேயே தேடிப் பாருங்கள்.