உக்ரைனின் இரண்டு வெற்றிகள்: ஜமாலாவா, கலுஷ் ஆர்கெஸ்ட்ராவா?

ஐரோப்பிய நாடுகளின் பாட்டுப் போட்டியான யூரோவிஷனில் உக்ரைன் மூன்று முறை வென்றிருக்கிறது. 2004இல் ருஸ்லானா வென்றதை விட்டுவிடுவோம். நான் திரும்பத் திரும்பக் கேட்பது மற்ற இரண்டையும்தான்.

2016இல் ஸ்டாக்ஹோமில் ஜமாலா பாடிய '1944', கிரிமியத் தீபகற்பத்தின் பூர்வகுடிகளான கிரிமியத் தாத்தார்களை ஸ்டாலின் ஆட்சி ஒட்டுமொத்தமாக நாடு கடத்திய கதை. அவருடைய கொள்ளுப்பாட்டி ஐந்து பிள்ளைகளோடு மத்திய ஆசியாவுக்குத் துரத்தப்பட்டார். மகள் வழியிலேயே இறந்துபோனாள். பல்லவி கிரிமியத் தாத்தார் மொழியில் வரும். பாட்டின் கடைசிப் பகுதியில் சொற்கள் நின்று, வெறும் குரல் மட்டும் மேலே ஏறும். நம் ஊர் ஒப்பாரி கேட்டு வளர்ந்தவர்களுக்கு அதற்கு மொழிபெயர்ப்பு வேண்டாம்.

2022இல் டூரினில் கலுஷ் ஆர்கெஸ்ட்ரா பாடிய 'ஸ்டெஃபானியா' வேறு ரகம். ராப், நாட்டுப்புறக் குழல், குழுவின் பாடகர் ஓலே ப்சியுக்கின் ரோஸ் நிறத் தொப்பி. தன் அம்மாவுக்காக அவர் போருக்கு முன்பே எழுதியது. ரஷ்யப் படையெடுப்புக்குப் பிறகு அந்த அம்மா நாட்டுக்கே அம்மாவாகிவிட்டார்.

சரி, வாக்குகள்? 'ஸ்டெஃபானியா'வுக்கு மொத்தம் 631 புள்ளிகள். அதில் 439 மக்கள் தந்தவை. நடுவர்கள் நான்காம் இடம்தான் கொடுத்தார்கள். '1944' நடுவர்களிடமும் மக்களிடமும் இரண்டாவதாக வந்து, கூட்டிப் பார்த்தபோது 534 புள்ளிகளோடு முதலிடம் பிடித்தது.

எனக்கு '1944'தான். 'ஸ்டெஃபானியா'வை, போருக்கு நடுவே போட்டி நடந்த அந்த 2022 மே மாதத்திலிருந்து பிரித்துக் கேட்க முடியவில்லை. ஜமாலாவின் குரலுக்கு ஆண்டு தெரியாமலே அழுகை வருகிறது.