ஃபர்பிடன் மெமரீஸ் மோட்கள்: ரொம்ப நாள் ஆடினால் எது தாங்குகிறது

பிளேஸ்டேஷன் 1-க்கு ஜப்பானில் 1999 இறுதியிலும் அமெரிக்காவில் 2002-லும் வந்த ‘யூ-கி-ஓ! ஃபர்பிடன் மெமரீஸ்’ கஷ்டமான கேம் என்று பெயரெடுத்தது. கஷ்டம் டூயலில் (எதிராளியோடு கார்டுகளால் மோதுவதில்) இல்லை, கார்டு சேர்ப்பதில்தான். ஜெயித்தால் ஒரே ஒரு கார்டு, கூடவே டி முதல் எஸ் வரையான ரேங்கைப் பொறுத்து 1 முதல் 5 ஸ்டார்சிப் (கேமின் நாணயம்). பாஸ்வேர்டு போட்டு புளூ-ஐஸ் ஒயிட் டிராகன் கார்டை வாங்கப் போனால் விலை 9,99,999 ஸ்டார்சிப். ஒவ்வொரு முறையும் எஸ் ரேங்க் வாங்கினாலும் சுமார் இரண்டு லட்சம் டூயல் ஆகும். ‘தரமாட்டோம்’ என்பதை விலைப்பட்டியலாக எழுதி வைத்திருக்கிறார்கள்.

இதைச் சரிசெய்யும் மோட்களில் (ரசிகர்கள் கேமில் செய்த மாற்றங்களில்) நீண்டகாலம் நிலைத்தது, ஒரு வெற்றிக்கு 15 கார்டு தரும் 15 கார்டு டிராப் மோட். அது ஏன் வேலை செய்கிறது என்பது டிராப் (ஜெயித்தால் விழும் கார்டு) கணக்கைப் பார்த்தால் புரியும். ஒவ்வொரு எதிராளிக்கும் மூன்று டிராப் பட்டியல் உண்டு: எஸ், ஏ ரேங்கில் பவர் வகைக்கு (வேகமாக அடித்து ஜெயிப்பது) ஒன்று, டெக்னிக் வகைக்கு (மேஜிக், ட்ராப் கார்டுகளை நிறையப் பயன்படுத்தி ஜெயிப்பது) ஒன்று, பி-சி-டி ரேங்குகளுக்குப் பொதுவாக ஒன்று. கேமில் உள்ள 722 கார்டுகளுக்கும் அதில் ஒரு எடை. எடைகளின் கூட்டுத்தொகை 2048. எடை 20 உள்ள கார்டு ஒரு டிராப்பில் விழ வாய்ப்பு ஒரு சதவீதத்துக்கும் கொஞ்சம் குறைவு. நூறு டூயல் ஜெயித்த பிறகும் அது கண்ணில் படாமலே போக ஏறக்குறைய 37 சதவீத வாய்ப்பு இருக்கிறது. 15 டிராப் என்றால் அதே கார்டுக்கு ஒரு டூயலில் சுமார் 14 சதவீதம். சராசரியாக ஏழு டூயலில் கைக்கு வந்துவிடும்.

பட்டியல்களை இந்த மோட் தொடுவதில்லை என்பதுதான் இதன் அழகு. எடை 0 உள்ள கார்டு எத்தனை டிராப் வந்தாலும் வராது. எந்த எதிராளியிடம் எந்த ரேங்கில் ஜெயிக்க வேண்டும் என்ற பழைய குறிப்புகள் அப்படியே செல்லும். குறை ஒன்று: ஆரம்பத்திலேயே ஃப்ரீ டூயலில் (கதைக்கு வெளியே ஆடும் பகுதியில்) உட்கார்ந்து திரும்பத் திரும்ப ஆடி கார்டு சேர்த்தால், கதையின் முதல் பாதி சப்பென்று ஆகிவிடும். முதல் சில எதிராளிகளிடம் ஆளுக்கு ஐந்து டூயலோடு நிறுத்திக்கொள்வது நல்லது.

மோடை கேமில் ஏற்றும் பேட்ச் கோப்பைப் போடுவதில்தான் பலர் சறுக்குகிறார்கள். பேட்சில் இருப்பது மாற்றங்கள் மட்டுமே. சொந்த டிஸ்கிலிருந்து எடுத்த இமேஜ் (டிஸ்கின் நகல் கோப்பு) வேண்டும். செக்டருக்கு (டிஸ்கின் ஒரு சிறு துண்டுக்கு) 2352 பைட் உள்ள ‘பின்-க்யூ’ இமேஜாக எடுங்கள். 2048 பைட் மட்டும் வைக்கும் ஐஎஸ்ஓ-வில் எல்லா இடமும் தள்ளிப்போய்விடும். எக்ஸ்டெல்டா வடிவப் பேட்ச் என்றால் தவறான இமேஜில் செக்சம் பொருந்தவில்லை என்று நின்றுவிடும், அது நல்லது. பிபிஎஃப் வடிவப் பேட்சில் சரிபார்ப்பு கட்டாயமில்லை. அமெரிக்கப் பதிப்புக்கான பேட்சை ஐரோப்பிய இமேஜில் போட்டாலும் சத்தமில்லாமல் எழுதிவிட்டு, நடு ஆட்டத்தில் உறைந்து நிற்கும். பேட்ச் ஆன கோப்பின் பெயரை மாற்றினால், ‘க்யூ’ கோப்பை நோட்பேடில் திறந்து அதன் முதல் வரியிலும் பெயரை மாற்ற வேண்டும். டிஸ்கில் எழுதி அசல் கன்சோலில் ஓட்டுவதானால் செக்டர்களின் பிழைதிருத்தக் குறியீடுகளைத் திரும்பக் கணக்கிட வேண்டும். கன்சோலைப் போல நடிக்கும் மென்பொருள்களான எமுலேட்டர்கள் பொதுவாக அதைக் கண்டுகொள்வதில்லை.

அடுத்த பொறி சேவ். பேட்ச் போடும் முன் எடுத்த சேவ் ஸ்டேட்டை (எமுலேட்டர் அந்த நொடியின் நினைவகத்தை அப்படியே எடுத்து வைப்பது) திறந்தால் பழைய நினைவகமே திரும்பி வரும். மோட் வேலை செய்யவில்லை என்று தோன்றும். கேமுக்குள்ளேயே மெமரி கார்டில் சேவ் செய்து, பேட்ச் போட்டபின் அதிலிருந்து தொடருங்கள். மோட் இமேஜுக்கும் வரிசை எண் அதேதான் என்பதால், டக்ஸ்டேஷன் எமுலேட்டரில் வரிசை எண்படி மெமரி கார்டைப் பிரித்திருந்தால் அசல் கேமும் மோடும் ஒரே கார்டில் எழுதும். கோப்புப் பெயர்படி பிரிக்கும் தேர்வுக்கு மாற்றிவிடுங்கள்.

ரேண்டமைசர் வேறு ரகம். எதிராளிகளின் டெக் (ஆடும் கார்டுக் கட்டு), டிராப், ஃபியூஷன் (கார்டுகளைச் சேர்த்து வேறொரு கார்டு ஆக்குவது), தாக்குதல் புள்ளி எல்லாவற்றையும் கலைத்துப் போடலாம். முதல் முறை டிராப்பையும் டெக்கையும் மட்டும் கலையுங்கள். ஃபியூஷனையும் கலைத்தால் கையில் பழகியதெல்லாம் போச்சு. டிராகனும் தண்டர் வகையும் சேர்ந்து, இரண்டில் ஒன்றாவது 1600 தாக்குதல் இருந்தால் 2800 உள்ள ட்வின்-ஹெடட் தண்டர் டிராகன் வரும் என்பது இந்தக் கேமின் அரிச்சுவடி. அது இல்லாத ரேண்டமைசர் இரண்டு மூன்று முறை ஆட ஜோர், அதற்குமேல் அலுப்புத்தான்.

டிராப் மோட் தீர்க்காத ஒன்று கடைசி ஆறு டூயல்கள். நடுவில் சேவும் இல்லை, டெக் மாற்றமும் இல்லை. ஆறாவதில் கடைசி எதிராளி நைட்மேரிடம் தோற்றால் முதலிலிருந்துதான். சேவ் ஸ்டேட்டை வைத்துக்கொள்ள வேண்டிய இடம் அதுதான், ஒவ்வொரு டூயலின் தொடக்கத்திலும் ஒன்று.