கூண்டைச் சுற்றி நின்ற முகங்கள்

அரை மணி நேரப் படம்தான். ஆனாலும் விஸ்காம் (காட்சித் தொடர்பியல்) படிக்கும் பிள்ளைகளுக்கு ஒரே ஒரு ஆவணப்படம் போடலாம் என்றால் நான் ‘தி கப்பிள் இன் தி கேஜ்’ படத்தைத்தான் எடுப்பேன். கோகோ ஃபுஸ்கோவும் பௌலா ஹெரேடியாவும் 1993-ல் எடுத்தது.

ஃபுஸ்கோ நியூயார்க்கில் பிறந்த கியூப வம்சாவளிப் பெண், நிகழ்த்துகலைஞர், எழுத்தாளர். கொலம்பஸ் அமெரிக்காவில் இறங்கி 500 ஆண்டு ஆனதை 1992-ல் விழாவாகக் கொண்டாடினார்களே, அப்போது அவரும் மெக்சிகோவில் பிறந்த கியர்மோ கோமேஸ்-பேன்யாவும் ஒரு கூண்டுக்குள் போய் உட்கார்ந்தார்கள். மெக்சிகோ வளைகுடாவில் யார் கண்ணிலும் படாத ‘குவாட்டினாவ்’ தீவின் பழங்குடிகள் என்று அறிவிப்பு. தீவும் கற்பனை, இனமும் கற்பனை. மாட்ரிட்டின் கொலம்பஸ் சதுக்கம், லண்டன் கோவென்ட் கார்டன், வாஷிங்டனின் ஸ்மித்சோனியன் அருங்காட்சியகம், சிகாகோ ஃபீல்டு மியூசியம், சிட்னி என்று கூண்டு ஊர் ஊராகப் போனது. அதைப் படம்பிடித்ததுதான் இந்த ஆவணப்படம்.

உற்றுப் பார்த்தால் யாருக்கும் சந்தேகம் வந்திருக்க வேண்டும். ஃபுஸ்கோ புல்பாவாடையோடு கூலிங் கிளாஸும் ஷூவும் போட்டிருக்கிறார். கோமேஸ்-பேன்யா முகத்தில் மல்யுத்த வீரர்களின் முகமூடி. உள்ளே டிவி, லேப்டாப். உண்டியலில் காசு போட்டால் ஃபுஸ்கோ ராப் பாட்டுக்கு ஆடுவார், கோமேஸ்-பேன்யா அர்த்தமே இல்லாத மொழியில் கதை சொல்வார், போலராய்டு படமும் எடுத்துக்கொள்ளலாம். கழிப்பறைக்குக் காவலர்கள் கயிறு பிடித்துக் கூட்டிப்போவார்கள். இத்தனைக்கும் பார்வையாளர்களில் பாதிக்கு மேல் நம்பிவிட்டார்கள் என்று ஃபுஸ்கோ பின்னால் எழுதினார்.

படத்தின் உயிர் அந்தப் பார்வையாளர்கள்தான். கேமரா அடிக்கடி கூண்டை விட்டுவிட்டு அவர்கள் பக்கம் திரும்புகிறது. சிலர் சிரிக்கிறார்கள், சிலர் கோபப்படுகிறார்கள், சிலர் பக்கத்தில் நிற்கும் காவலரிடம் அக்கறையாகச் சந்தேகம் கேட்கிறார்கள். எந்த முகத்தையும் வில்லனாக்காமல் பேச விட்டிருப்பது எனக்கு மிகவும் பிடித்தது. என் வகுப்பில் ஒரு மாணவி, “எங்க மலைக்கு வர்றவங்களும் பாட்டியை இப்படித்தான் நிக்க வச்சு போட்டோ எடுப்பாங்க மேடம்” என்றாள். அன்று பாடம் அங்கிருந்துதான் தொடங்கியது.

குறை என்றால், நடுவில் வரும் பழைய படத்துண்டுகள் வேகமாக ஓடிவிடுகின்றன. மனிதர்களைக் காட்சிக்கு வைத்த வரலாறு தெரியாதவர்களுக்கு அவை வெறும் பழைய படங்களாகவே தெரியும். 1906-ல் காங்கோவைச் சேர்ந்த ஓட்டா பெங்கா என்ற மனிதரை நியூயார்க் பிராங்ஸ் மிருகக்காட்சிசாலையில் குரங்குகளோடு வைத்தார்கள். ஹாம்பர்க்கில் மிருக வியாபாரம் செய்த ஹாகன்பெக், இலங்கையிலிருந்தும் இந்தியாவிலிருந்தும்கூட ஆட்களைக் கொண்டுபோய் ஐரோப்பிய நகரங்களில் காட்டினார். இதையெல்லாம் ஆசிரியர்தான் எடுத்துச் சொல்ல வேண்டும். அப்புறம், 90-களின் வீடியோ என்பதால் படம் கொஞ்சம் மங்கல். பெரிய திரை தேவையில்லை, வகுப்பறை டிவியே போதும்.

போடுகிறவர்களுக்கு ஒன்று சொல்கிறேன். முதலில் எந்த முன்னுரையும் இல்லாமல் ஓட விடுங்கள். பிள்ளைகள் பேசி முடிக்கட்டும். பிறகு இந்த வரலாற்றைச் சொல்லிவிட்டு, இன்னொரு தடவை போடுங்கள். இரண்டாம் முறை யாரும் கூண்டுக்குள் பார்ப்பதில்லை.