பாம்பன் ரயிலோசை: சந்தமா, புதுக்கவிதையா?

ராமேசுவரம் ரயிலின் ஓசையைச் சந்தப் பாட்டிலும் பிடிக்கலாம், புதுக்கவிதையிலும் பிடிக்கலாம்.

சந்தத்துக்குத் தாளம் போட்டுத் தருவது தண்டவாள இணைப்பு. ஒரு பெட்டியின் பின்சக்கரங்களும் அடுத்த பெட்டியின் முன்சக்கரங்களும் அடுத்தடுத்து இணைப்பைக் கடக்கும்போது நாலு தட்டு. அப்புறம் கொஞ்சம் இடைவெளி, மறுபடி நாலு. ‘தகதிமி’ என்று வாயால் சொல்லிப் பார்த்தாலே சீர் பிரிந்துவிடும். 1914-இல் திறந்த பழைய பாம்பன் பாலத்தில் 2022 வரை ரயில் ஊர்ந்துதான் போனது. அந்த நடைக்கு நெடில் நிறைந்த சீர்கள்தான் சரி.

ஆனால் நீளமாகப் பற்றவைத்த தண்டவாளத்தில் தட்டெல்லாம் அடங்கி ஒரே இரைச்சலாகிவிடும். அங்கேயும் ‘தடக் தடக்’ என்று எழுதினால் அது காதில் விழுந்தது இல்லை, பழக்கத்தில் வந்தது. அந்த இடத்தில் புதுக்கவிதை கைகொடுக்கும். மண்டபம் ஸ்டேஷன் தாண்டியதும் ஜன்னலில் மோதும் கச்சான் காற்று, சுண்டல் விற்பவரின் குரல், கடல் தெரிந்ததும் பெட்டி முழுக்க எழும் கூச்சல்: இதெல்லாம் எந்தச் சீருக்கும் அடங்காது. வரியை மூச்சுக்கேற்ப முறித்துக்கொள்ளலாம்.

பள்ளி மேடைக்கு என்றால் யோசிக்காமல் சந்தம். மற்றபடி என் ஓட்டு புதுக்கவிதைக்குத்தான். 2025 ஏப்ரலில் திறந்த புதிய பாலத்துக்கு யாராவது நல்ல சந்தம் கண்டுபிடித்தால் கட்சி மாறத் தயார்.