பாராசிட்டமால் 500: மாத்திரைக்கு முழு மதிப்பெண், அட்டைக்கு இல்லை

வேறு எந்த மருந்தும் கலக்காத வெறும் பாராசிட்டமால் 500 மி.கி. மாத்திரைக்கு ஐந்தில் நான்கு நட்சத்திரம் கொடுக்கிறேன். ஒன்றைக் குறைத்தது அட்டைக்காக. காரணத்தைப் பிறகு சொல்கிறேன்.

எங்கள் வீட்டில் இதை அதிகம் சாப்பிடுவது அம்மாதான். மூட்டுத் தேய்மானம், அதோடு ரத்த அழுத்தம். அழுத்தத்துக்கான மாத்திரைகளில் ஒன்று சிறுநீரை அதிகம் பிரிய வைப்பது. இப்படிப்பட்டவர்கள் இபுபுரோஃபென், டைக்ளோஃபினாக் போன்றவற்றைத் தாங்களாகவே வாங்கிச் சாப்பிடக் கூடாது. வீக்கத்துக்கு அவை நன்றாகவே கேட்கும். ஆனால் சிறுநீரகத்துக்குப் போகும் ரத்த ஓட்டத்தைக் குறைக்கும், வயிற்றில் புண்ணாக்கும், அழுத்தத்தையும் ஏற்றும். அதனால் டாக்டர் பாராசிட்டமாலோடு நிறுத்திக்கொள்ளச் சொன்னார்.

வேலை செய்கிறதா? காய்ச்சலுக்கும் தலைவலிக்கும் தாராளமாகச் செய்கிறது. மூட்டுவலிக்குச் சுமார்தான். போட்டு முக்கால் மணி நேரத்தில் வலி மட்டுப்படும், போய்விடாது. அம்மாவுக்கு மாடிப்படி ஏறி இறங்க அது போதும்.

650 இருக்க 500 எதற்கு என்று கேட்பார்கள். கணக்கு வைக்க இதுதான் சுலபம். ஆரோக்கியமான பெரியவர்களுக்கு 24 மணி நேரத்தில் 4 கிராம்தான் உச்சம், அதாவது எட்டு மாத்திரை. ஒரு வேளைக்கு ஒன்றோ இரண்டோ, குறைந்தது நாலு மணி நேர இடைவெளி. அம்மா ஒல்லி, ஐம்பது கிலோகூட இல்லை. அவருக்கு 3 கிராமுக்கு மேல் போகவே கூடாது என்று டாக்டர் சொல்லியிருக்கிறார். 500 என்றால் ஆறு. ஒன்று போட்டுப் பார்த்து, கேட்காவிட்டால் அடுத்த வேளைக்கு இரண்டு என்று யோசிக்கவும் இடமிருக்கிறது. மது அருந்துபவர்களும் கல்லீரல் கோளாறு உள்ளவர்களும் தங்கள் அளவை டாக்டரிடம் கேட்டுக்கொள்வது நல்லது.

இப்போது அட்டைக்கு வருகிறேன். கம்பெனி வைத்த பெயர் கொட்டை எழுத்தில் இருக்கிறது. உள்ளே என்ன மருந்து என்பது மட்டும் பளபளக்கும் வெள்ளித்தாளில் மெல்லிய எழுத்தில். விளக்குக்கு நேரே சாய்த்துப் பிடித்தால்தான் தெரிகிறது. கத்தரித்து நாலு மாத்திரையாகக் கொடுத்துவிட்டால் பெயர் ஒரு துண்டில், காலாவதி தேதி இன்னொரு துண்டில். அம்மாவுக்குச் சளி பிடித்தபோது சித்தி வாங்கி வந்த மஞ்சள் நிறச் சளி மாத்திரையைத் திருப்பிப் பார்த்தேன்: அதிலும் பாராசிட்டமால் 500. மூட்டுவலி மாத்திரையோடு இதையும் போட்டால் ஒவ்வொரு வேளையும் இரட்டிப்பு. பெரும்பாலான வீடுகளில் அளவு மீறுவது இப்படித்தான் என்று நினைக்கிறேன், வேண்டுமென்று யாரும் மீறுவதில்லை.

மீறினால் அன்றைக்கே தெரிந்துவிடாது என்பதுதான் என்னைப் பயமுறுத்துகிறது. இந்த மருந்தில் ஒரு பகுதியைக் கல்லீரல் நச்சாக மாற்றுகிறது. குளுட்டாதியோன் என்ற பொருள் அதை முறித்துவிடும், கையிருப்பு இருக்கும் வரை. தீர்ந்துவிட்டால் நச்சு கல்லீரலையே தாக்கும். முதல் நாள் குமட்டலோடு நின்றுவிடலாம், எதுவுமே இல்லாமலும் போகலாம். கண் மஞ்சளாகும்போது நாள் கடந்திருக்கும். அசிட்டைல்சிஸ்டீன் என்ற மாற்றுமருந்து எட்டு மணி நேரத்துக்குள் கிடைத்தால் நன்றாகக் காப்பாற்றும். எனவே எண்ணிக்கை கூடிவிட்டது என்று தெரிந்தால், உடம்பு நன்றாக இருந்தாலும் நேரே ஆஸ்பத்திரிக்குப் போய்விடுங்கள்.

அம்மாவின் மருந்து டப்பா மூடியில் ஒரு தாள் ஒட்டியிருக்கிறேன். போட்ட நேரத்தை அவரே எழுதுவார். "ரெண்டு மணிக்குப் போட்டேனா, இல்லையா?" என்ற சந்தேகம் இப்போது வருவதில்லை.

தலைவலிக்கு வாங்குபவர்களுக்கு ஒன்று: மாதத்தில் பதினைந்து நாள், அதற்கு மேல் என்று சில மாதங்கள் தொடர்ந்தால் மாத்திரையே தலைவலியைக் கொண்டுவரும். அந்த நிலையில் இன்னொரு அட்டை வாங்காமல் டாக்டரைப் பாருங்கள். டெங்குவாக இருக்குமோ என்று சந்தேகப்படும் காய்ச்சலுக்கும் இதுதான் சரி. ஆஸ்பிரின், இபுபுரோஃபென் ரத்தக்கசிவை அதிகமாக்கும்.

தண்ணீரில் நுரைத்துக் கரையும் வகையை மட்டும் அழுத்தக்காரர்களுக்கு வாங்காதீர்கள். ஒரு மாத்திரையில் 400 மி.கி. அளவுக்குச் சோடியம் இருக்கும்.